டெக்சாஸ் எல்டிசி புதுப்பித்தல்: மறுபடியும் வகுப்பு, சுடுதேர்வு உண்டா?

கேள்வி: டாலஸுக்கு வடக்கே குடியிருக்கிறேன், கிரீன் கார்டு. 2022-ல் எடுத்த எல்டிசி, அதாவது கைத்துப்பாக்கி எடுத்துச் செல்லும் லைசென்ஸ், வரும் பிறந்தநாளோடு முடிகிறது. புதுப்பிக்க மறுபடி வகுப்பில் உட்கார வேண்டுமா, சுட்டுக் காட்ட வேண்டுமா? டெக்சாஸில் இப்போது லைசென்ஸ் இல்லாமலேயே இடுப்பில் வைத்துக்கொள்ளலாம் என்கிறார்களே, அப்படியானால் எதற்குப் புதுப்பிப்பது?

பதில்:

வகுப்பும் வேண்டாம், சுடுதேர்வும் வேண்டாம். டெக்சாஸில் எல்டிசி புதுப்பிக்க 2013 செப்டம்பரிலிருந்து பயிற்சி எதுவும் கேட்பதில்லை. பொதுப் பாதுகாப்புத் துறையின், அதாவது டிபிஎஸ்ஸின், இணையப் பக்கத்தில் விண்ணப்பத்தை நிரப்பி, 40 டாலர் கட்டி, சட்டக் குறிப்பு ஒன்றைப் படித்துவிட்டேன் என்று ஒப்புக்கொண்டால் உங்கள் வேலை முடிந்தது. காபி ஆறுவதற்குள் முடித்துவிடலாம்.

கேள்வியின் இரண்டாவது பாதிதான் கனமானது. அதற்குப் போகும் முன் நாள் கணக்கைச் சொல்லிவிடுகிறேன், பலர் சறுக்குவது அங்கேதான்.

முதல் லைசென்ஸ் நான்கு வருடம் என்று வாய்ப்பேச்சாகச் சொல்கிறோம். சட்டப்படி, கொடுத்த நாளிலிருந்து நான்கு வருடம் முடிந்து அதற்குப் பின் வரும் முதல் பிறந்தநாள் வரை அது செல்லும். என் முதல் அட்டை 2012 மார்ச்சில் வந்தது. என் பிறந்தநாள் நவம்பரில். அதனால் 2016 மார்ச்சில் முடியாமல் நவம்பர் வரை ஓடியது. புதுப்பித்த பிறகு ஐந்து ஐந்து வருடம், அதுவும் பழைய காலாவதித் தேதியிலிருந்தே எண்ணப்படும். ஆகவே கொஞ்சம் முன்னதாக விண்ணப்பித்தால் நாட்கள் வீணாகிவிடுமோ என்ற கவலை வேண்டாம். காலாவதிக்கு 60 நாள் முன்பே துறை நினைவூட்ட வேண்டும் என்று சட்டத்தில் இருக்கிறது. நினைவூட்டல் போவது அவர்களிடம் இருக்கும் முகவரிக்கு. நம் ஆட்கள் அபார்ட்மென்டில் இருக்கும்போது லைசென்ஸ் எடுத்துவிட்டு, அடுத்த வருடம் ஃபிரிஸ்கோவிலோ ப்ராஸ்பரிலோ வீடு வாங்கிப் போய்விடுகிறார்கள். வீடு மாறினால் 30 நாளுக்குள் எல்டிசி முகவரியையும் மாற்றியாக வேண்டும். ஓட்டுநர் உரிமத்தில் மாற்றியாயிற்றே என்று இருந்துவிடாதீர்கள்.

விண்ணப்பத்தில் சிரமம் ஒன்றும் இல்லை. புகைப்படத்தை ஓட்டுநர் உரிமக் கோப்பிலிருந்தே எடுத்துக்கொள்வார்கள். கைரேகையும் பொதுவாக மறுபடி தேவைப்படாது, முதல் முறை கொடுத்தது அவர்களிடம் இருக்கிறது. உங்கள் கிரீன் கார்டு காலாவதியாகாமல் இருக்கிறதா என்று மட்டும் பார்த்து எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.

பயிற்சி இல்லை என்பதால் சோதனையும் இல்லை என்று எண்ண வேண்டாம். பின்னணிச் சோதனை மறுபடி நடக்கும். முதல் தடவை வாங்கும்போது சுத்தமாக இருந்தவர்கள் புதுப்பிக்கும்போது மாட்டுவது பெரும்பாலும் குடித்துவிட்டு வண்டி ஓட்டிய வழக்கில். டெக்சாஸில் முதல் முறை பிடிபட்டாலும் அது குறைந்தது கிளாஸ் பி குற்றம் (சிறு குற்றங்களில் ஏ பெரியது, அடுத்தது பி). ஏ, பி வகுப்புக் குற்றங்களில் தண்டனை பெற்றால் ஐந்து வருடம் லைசென்ஸுக்குத் தகுதி இல்லை. வழக்கு நிலுவையில் இருந்தாலும் கிடைக்காது. குடும்ப நீதிமன்றத்தின் பாதுகாப்பு உத்தரவு, பிள்ளைக்குக் கட்ட வேண்டிய ஜீவனாம்சப் பாக்கி, மாநில கம்ப்ட்ரோலருக்குச் செலுத்த வேண்டிய வரிப் பாக்கி, இவையும் தடைதான். கடைசியாகச் சொன்னது சம்பளக்காரர்களைத் தொடாது. காஸ் ஸ்டேஷன், மளிகைக் கடை நடத்துபவர்கள் விற்பனை வரியை ஒரு பார்வை பார்த்துவிட்டு விண்ணப்பிப்பது நல்லது. எதையும் மறைத்து எழுதாதீர்கள். பொய் எழுதியது தனிக் குற்றமாகிவிடும்.

இப்போது, எதற்குப் புதுப்பிப்பது?

2021 செப்டம்பர் 1 முதல், 21 வயது நிரம்பி, துப்பாக்கி வைத்திருக்கச் சட்டத்தடை இல்லாத ஒருவர் லைசென்ஸ் இல்லாமலே பொது இடத்தில் கைத்துப்பாக்கி எடுத்துச் செல்லலாம். வெளியே தெரிந்தால் உறையில் இருக்க வேண்டும், அவ்வளவுதான். அந்தச் சட்டம் வந்து இரண்டே மாதத்தில், அதே நவம்பரில், நான் 40 டாலர் கட்டி இரண்டாம் முறை புதுப்பித்தேன். அலுவலகத்தில் கேலி செய்தார்கள். "இலவசமாகக் கொடுப்பதற்குக் காசு கொடுத்த ஒரே ஆள் நீதான்." இருக்கட்டும். நான் அப்போது சொன்ன காரணம் ஒன்றே ஒன்று: பள்ளிக்கூடம்.

டெக்சாஸ் மாநிலம் தன் சட்டத்தைத் தளர்த்தியது. வாஷிங்டன் தளர்த்தவில்லை. மத்திய அரசின் பள்ளி மண்டலச் சட்டப்படி, ஒரு பள்ளி வளாகத்தின் எல்லையிலிருந்து 1000 அடிக்குள் துப்பாக்கி வைத்திருப்பது குற்றம். அரசுப் பள்ளியா தனியார் பள்ளியா என்ற பேதமில்லை. சொந்த வீடு போன்ற தனியார் இடத்துக்கு விலக்கு உண்டு. தோட்டா போடாமல் பூட்டிய பெட்டியில் கொண்டுபோனாலும் விலக்கு. அப்புறம் முக்கியமான விலக்கு: அந்தப் பள்ளி இருக்கும் மாநிலமே, காவல் துறை சரிபார்த்த பின், லைசென்ஸ் கொடுத்தவர்களுக்கு. உங்கள் எல்டிசி அந்த வகை. லைசென்ஸ் இல்லாமல் எடுத்துச் செல்லலாம் என்ற மாநில அனுமதி அந்த வகை இல்லை, ஏனென்றால் அங்கே யாரும் யாரையும் சரிபார்க்கவில்லை.

1000 அடி என்பது எவ்வளவு என்று ஒரு வரைபடத்தில் வட்டம் போட்டுப் பாருங்கள். பிளானோ, ஃபிரிஸ்கோ, ஆலன் போன்ற ஊர்களில் மைலுக்கு ஒரு தொடக்கப் பள்ளி. வீட்டிலிருந்து பால் வாங்கப் போகும் வழியில் இரண்டு வட்டங்களையாவது கடப்பீர்கள். எல்டிசி இருந்தால் இதைப் பற்றி யோசிக்கவே வேண்டாம். இல்லாவிட்டால் ஒவ்வொரு பயணமும் ஏட்டளவில் ஒரு கூட்டாட்சிக் குற்றம்.

இந்தச் சட்டத்தின் கதையும் டெக்சாஸில்தான் தொடங்குகிறது. 1992-ல் சான் அன்டோனியோவின் எடிசன் உயர்நிலைப் பள்ளிக்கு ஒரு பன்னிரண்டாம் வகுப்பு மாணவன் .38 ரிவால்வரோடு வந்து பிடிபட்டான். 1990-ல் வந்திருந்த பள்ளி மண்டலச் சட்டத்தின் கீழ் வழக்கு. அது உச்ச நீதிமன்றம் வரை போனது. 1995-ல் லோபஸ் வழக்கு என்று பேர்பெற்ற தீர்ப்பில், மாநிலங்களுக்கிடையேயான வணிகத்தை ஒழுங்குபடுத்தும் அதிகாரத்தைக் கொண்டு நாடாளுமன்றம் இப்படிச் சட்டம் போட முடியாது என்று சட்டத்தையே அடித்துவிட்டார்கள். நாடாளுமன்றம் சும்மா இருக்கவில்லை. மாநில எல்லை தாண்டி விற்பனைக்கு வந்த துப்பாக்கிகளுக்கு என்று ஒரு வரியைச் சேர்த்து 1996-ல் திரும்பக் கொண்டுவந்தது. கடையில் வாங்கிய எந்தத் துப்பாக்கிதான் எல்லை தாண்டாமல் வந்தது? ஆக, லோபஸ் தீர்ப்போடு சட்டம் செத்துவிட்டது என்று யாராவது சொன்னால் பாதிக் கதையைச் சொல்கிறார்கள் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

எல்டிசி இருந்தாலும் பள்ளிக் கட்டடத்துக்குள் கொண்டுபோகக் கூடாது என்பதை இதோடு சேர்த்துச் சொல்லிவிடுகிறேன். பள்ளி நடத்தும் விளையாட்டுப் போட்டி நடக்கும் மைதானமும் அப்படித்தான். பிள்ளையை இறக்கிவிடும் வரிசையில் வண்டிக்குள், கண்ணில் படாமல் இருக்கலாம். இறங்கி உள்ளே போகும்போது பூட்டி வைத்துவிட்டுத்தான் போக வேண்டும்.

மற்ற காரணங்கள் சிறியவை, ஆனால் சேர்த்துப் பார்த்தால் 40 டாலருக்கு மேல் பெறும். கடை வாசல் பலகைகளை எடுத்துக்கொள்ளுங்கள். மறைத்து எடுத்துச் செல்லும் எல்டிசிகாரரைத் தடுக்க 30.06 என்ற எண்ணுள்ள பலகையும், வெளியே தெரிய எடுத்துச் செல்பவரைத் தடுக்க 30.07 பலகையும் வேண்டும். இரண்டும் ஆங்கிலத்திலும் ஸ்பானிஷிலும், ஓர் அங்குல எழுத்தில். லைசென்ஸ் இல்லாதவரைத் தடுக்க 2021-ல் வந்த 30.05 பலகை போதும். 30.05 மட்டும் தொங்கும் கடைக்குள் உங்களுக்கு எல்டிசி இருந்தால் போகலாம். பக்கத்தில் நிற்பவருக்கு இல்லாவிட்டால் அவர் போகக் கூடாது. மதுபான வருமானம் 51 சதவீதமோ அதற்கு மேலோ உள்ள இடங்களில் சிவப்பு எழுத்தில் 51% என்று பலகை இருக்கும். அங்கே எல்டிசியும் உதவாது.

அரசுப் பல்கலைக்கழக வளாகங்களில் 2016 ஆகஸ்ட் 1 முதல் எல்டிசி உள்ளவர்கள் மட்டும் மறைத்து எடுத்துச் செல்லலாம். ஆஸ்டின் பல்கலைக்கழகக் கோபுரத்திலிருந்து ஒருவன் சுட்டுக் கொன்ற நாளுக்குச் சரியாக 50 வருடம் கழித்து அதே தேதியில் சட்டம் நடைமுறைக்கு வந்தது, அது அப்போது பெரிய பேச்சாக இருந்தது. தனியார் பல்கலைக்கழகங்கள் தடை போட்டுக்கொள்ளலாம். ரைஸும் எஸ்எம்யூவும் போட்டுக்கொண்டன.

கடையில் புதிதாகத் துப்பாக்கி வாங்கும்போது 4473 என்ற மத்திய அரசுப் படிவத்தை எல்லோரும்தான் நிரப்ப வேண்டும். எல்டிசி காட்டினால் எஃப்பிஐயின் உடனடிச் சோதனை அழைப்பு இல்லாமலே கொடுக்கலாம். பெயர் ஒற்றுமையால் மூன்று நாள் காக்க வைக்கப்பட்ட ஒருவரிடம் கேட்டால் இதன் அருமை தெரியும். குமார், ராஜா என்று பெயர் வைத்திருப்பவர்கள் கவனிக்க.

பிற மாநிலங்கள். ஓக்லஹோமா, ஆர்கன்சாஸ், லூசியானா மூன்றிலும் இப்போது லைசென்ஸ் கேட்பதில்லை. மேற்கே நியூ மெக்சிகோ கேட்கிறது, அங்கே டெக்சாஸ் லைசென்ஸை ஏற்கிறார்கள். விடுமுறைக்கு வைட் சாண்ட்ஸ் வெள்ளை மணலைப் பார்க்கப் போகும் குடும்பங்களுக்கு இது உடனே பயன்படும். தேசியப் பூங்காக்களில் 2010 முதல் அந்தந்த மாநிலச் சட்டமே பொருந்தும். ஆனால் பூங்காவின் வரவேற்புக் கட்டடம் கூட்டாட்சிக் கட்டடம், அதற்குள் கூடாது. தபால் நிலையமும் அப்படியே. கலிஃபோர்னியா, நியூயார்க், நியூ ஜெர்சி பக்கம் போகும்போது உங்கள் அட்டைக்கு மதிப்பே இல்லை; துப்பாக்கியை வீட்டிலேயே விட்டுவிட்டுப் போங்கள்.

நீங்கள் கிரீன் கார்டு என்று சொன்னதால் இதை அழுத்திச் சொல்கிறேன். ஒரு குடிமகன் இந்த விதிகளில் ஒன்றை மீறித் தண்டனை பெற்றால் அபராதமோ சிறையோ வந்து போகும். குடியுரிமை இல்லாதவருக்கு அப்படி இல்லை. குடியேற்றச் சட்டத்தில் துப்பாக்கிக் குற்றத்துக்கென்றே ஒரு பிரிவு இருக்கிறது. நாட்டுக்குள் அனுமதிக்கப்பட்ட பிறகு எப்போது வேண்டுமானாலும், சட்டத்துக்குப் புறம்பாகத் துப்பாக்கி வாங்கியதற்கோ விற்றதற்கோ வைத்திருந்ததற்கோ எடுத்துச் சென்றதற்கோ தண்டனை பெற்றால், நாடுகடத்தத் தகுதியானவர் ஆகிவிடுகிறார். சின்னக் குற்றமா பெரிய குற்றமா என்று அந்தப் பிரிவு பார்ப்பதில்லை. வாஷிங்டன் நகருக்கு அலுவலக வேலையாகப் போவது, பையில் மறந்துபோன துப்பாக்கி, வழக்கறிஞர் சொன்னார் என்று சின்னக் குற்றமாக ஒப்புக்கொள்வது, பத்து வருடம் காத்திருந்து வாங்கிய கிரீன் கார்டு போவது. இதற்கு முன்னால் 40 டாலரையும் அரை மணி நேரத்தையும் கணக்குப் பார்ப்பானேன்? எல்டிசி எல்லா ஆபத்தையும் நீக்காது. அன்றாடம் நம்மை அறியாமல் மீறக்கூடிய விதிகளில் பெரியதான பள்ளி மண்டலத்தை நீக்கிவிடுகிறது.

சரி, பயிற்சிக்கு வருவோம்.

நான் எடுத்தபோது இதன் பெயர் சிஎச்எல், மறைத்து எடுத்துச் செல்வதற்கான லைசென்ஸ். 1995-ல் ஜார்ஜ் டபிள்யூ. புஷ் ஆளுநராக இருந்தபோது கையெழுத்திட்ட சட்டம். 2016 ஜனவரியில் வெளியே தெரிய எடுத்துச் செல்லவும் அனுமதி வந்ததும் 'மறைத்து' என்ற சொல்லை எடுத்துவிட்டு எல்டிசி என்றார்கள். பழைய ஆட்கள் வாயில் இன்னும் சிஎச்எல்தான் வரும். 2012-ல் கட்டணம் 140 டாலர், வகுப்பு குறைந்தது 10 மணி நேரம். ஒரு சனிக்கிழமை காலை எட்டு மணிக்கு உட்கார்ந்தவன் இருட்டிய பிறகு எழுந்தேன். செமி-ஆட்டோமேட்டிக்கில் தேர்வு எழுதினால் ஒரு வகை அட்டை, ரிவால்வரில் எழுதினால் வேறு வகை அட்டை என்று அப்போது இருந்தது. புதுப்பிக்கவும் வகுப்பு இருந்தது. 2013-ல் இவை எல்லாவற்றையும் ஒரே மூச்சில் குறைத்தார்கள். முதல் முறை வகுப்பு 4 முதல் 6 மணி நேரம், புதுப்பிக்க வகுப்பே இல்லை, வகைப் பிரிவும் போயிற்று. 2017-ல் கட்டணம் 40 ஆனது. 2018 முதல் வகுப்புப் பகுதியை இணையத்திலேயே முடிக்கலாம், சுடுவதற்கு மட்டும் நேரில் போக வேண்டும். நீங்கள் 2022-ல் அப்படித்தான் செய்திருப்பீர்கள் என்று ஊகிக்கிறேன்.

இதே கேள்வியைச் சிகாகோ பக்கத்திலிருந்து யாராவது கேட்டிருந்தால் பதில் வேறு. இல்லினாயில் முதல் முறை 16 மணி நேரம், ஐந்து வருடத்துக்கு ஒரு முறை புதுப்பிக்க 3 மணி நேரப் பயிற்சி, கட்டணம் ஒவ்வொரு தடவையும் 150 டாலர். டெக்சாஸ்காரர்கள் அதைக் கேட்டுச் சிரிப்பார்கள். கட்டணத்தில் சிரிக்கட்டும். 3 மணி நேரத்தில் எனக்கு இல்லினாய் பக்கம்தான் நியாயம் தெரிகிறது.

காரணம் சொந்த அனுபவம். டெக்சாஸ் தேர்வு 50 ரவை. 3 கெஜத்தில் 20, 7 கெஜத்தில் 20, 15 கெஜத்தில் 10. அதாவது ஒன்பது அடி, இருபத்தோரு அடி, நாற்பத்தைந்து அடி. மனித உருவ அட்டை, ஒவ்வொரு குண்டுக்கும் அதிகபட்சம் 5 மதிப்பெண், மொத்தம் 250. 175 எடுத்தால் தேர்ச்சி. மூன்று கெஜத்தில் இரண்டு வினாடிக்கு ஒரு குண்டு என்று தொடங்கி, கடைசியில் பதினைந்து கெஜத்தில் பதினைந்து வினாடியில் ஐந்து குண்டு. கடினம் இல்லை. 2012-ல் நான் 238 எடுத்தேன், வீட்டில் வந்து பீற்றிக்கொண்டேன். பிறகு வேலை, பிள்ளைகள் என்று ரேஞ்சுப் பக்கமே, அதாவது சுட்டுப் பழகும் இடத்துக்கே, போகவில்லை. 2016-ல் வகுப்பு இல்லாமல் புதுப்பித்தேன், சந்தோஷம். 2019-ல் ஒரு நண்பர் முதல் லைசென்ஸுக்குப் போனபோது துணைக்குப் போய், சும்மா ஒரு லேனில் நின்று அதே 50 ரவையைச் சுட்டுப் பார்த்தேன். 181. ஆறு மதிப்பெண்ணில் தப்பித்திருக்கிறேன். 15 கெஜத்தில் இரண்டு குண்டு அட்டையிலேயே படவில்லை. அந்த இரண்டும் வேறெங்கோ போயிருக்கின்றன அல்லவா? ரேஞ்சில் பின்னால் மண்மேடு இருந்தது. ஒரு கடை வாசலில் என்ன இருந்திருக்கும் என்று அன்று இரவு யோசித்துக்கொண்டு படுத்திருந்தேன்.

அன்றிலிருந்து ஒரு வழக்கம். புதுப்பிக்கிறேனோ இல்லையோ, வருடத்துக்கு ஒரு முறை, பிறந்தநாள் வாரத்தில், ஒரு பெட்டி தோட்டா வாங்கிக்கொண்டு போய் இந்தத் தேர்வை எனக்கு நானே வைத்துக்கொள்கிறேன். ஒரு பெட்டியில் சரியாக 50 இருக்கும். நேரத்தைக் கைபேசியில் நண்பர் யாராவது பார்த்துச் சொல்வார். 220-க்குக் கீழே வந்தால் அடுத்த மாதமும் போக வேண்டும் என்பது என் கணக்கு. நீங்களும் புதுப்பிக்கும் விண்ணப்பத்தை அனுப்புவதற்கு முன் ஒரு தடவை போய்ச் சுட்டுப் பாருங்கள். 175 வரவில்லையென்றால் அட்டை வந்தாலும் கொஞ்ச நாள் இடுப்பில் வைக்காமல் இருங்கள்.

அந்தத் தேர்வில் இல்லாத ஒன்றும் இருக்கிறது. உறையிலிருந்து எடுப்பதும் திரும்ப வைப்பதும் அதில் வராது. கையில் தயாராகப் பிடித்துக்கொண்டுதான் தொடங்குவோம். ஆனால் தானே தன் காலில் சுட்டுக்கொண்டவர்களின் கதைகளைக் கேட்டால், பெரும்பாலும் திரும்ப உறையில் வைக்கும்போது சட்டை நுனி விசைக்குள் மாட்டியதாக இருக்கும். இதற்கு ஒரு பயிற்றுநரிடம் இரண்டு மணி நேரம் போனால் போதும். உறை விசையை முழுதாக மூடியிருக்க வேண்டும், கெட்டியானதாக இருக்க வேண்டும். வைக்கும்போது குனிந்து கண்ணால் பார்த்துக்கொண்டே மெதுவாக வைக்க வேண்டும். வெட்கப்பட ஒன்றுமில்லை, வேகமாக எடுக்க ஒருவேளை காரணம் இருக்கலாம், வேகமாக உள்ளே வைக்கக் காரணமே இல்லை.

சட்டம் வகுப்பில் கற்றுத்தரச் சொல்வது நான்கு விஷயம். ஆயுதச் சட்டமும் உயிர்போகும் பலத்தை எப்போது பயன்படுத்தலாம் என்பதும், துப்பாக்கியைக் கையாளும் பாதுகாப்பு, சண்டையைக் கை வைக்காமல் தீர்ப்பது, பிள்ளைகள் கையில் படாமல் வைப்பது. மூன்றாவதை எல்லோரும் கொட்டாவி விட்டுக்கொண்டு கேட்பார்கள். எனக்கு இத்தனை வருடத்தில் பயன்பட்டது அது ஒன்றுதான். நெடுஞ்சாலையில் ஒருவன் ஹார்ன் அடித்துத் திட்டினால் முன்பு பதிலுக்கு ஏதாவது சொல்வேன். இடுப்பில் ஒன்று இருக்கும் நாளில் சொல்வதில்லை, வழி விட்டுவிடுகிறேன். மனைவிக்கு இதில் ஏக திருப்தி.

முதலாவதைத்தான் ஆட்கள் சினிமா பார்த்த மாதிரி நினைவு வைத்திருக்கிறார்கள். "டெக்சாஸில் ராத்திரி திருட வந்தவனைச் சுடலாம்" என்று ஒரு வரி எல்லோர் வாயிலும் இருக்கிறது. தண்டனைச் சட்டத்தின் ஒன்பதாம் அத்தியாயத்தில் சொத்துக்காக உயிர்போகும் பலத்தைப் பயன்படுத்த இடம் இருக்கிறது, உண்மை. அதற்கு முன்னால் நிபந்தனைகள் வரிசையாக இருக்கின்றன. உடனடித் தேவை என்று நீங்கள் நம்பியது நியாயமானதா, வேறு வழியில் சொத்தைக் காக்கவோ மீட்கவோ முடியாதா என்று ஒவ்வொன்றாகப் பிறகு கேட்பார்கள். கேட்பது உங்கள் நண்பர்கள் இல்லை, பன்னிரண்டு பேர் கொண்ட ஜூரி. புதுப்பிக்கும்போது வரும் சட்டக் குறிப்பில் இந்தப் பகுதியும், எங்கெங்கே கொண்டுபோகக் கூடாது என்ற பட்டியலும் இருக்கும். பழைய வகுப்பு முழுவதற்கும் பதிலாக மிஞ்சியிருப்பது அந்தத் தாள்தான். கீழே உருட்டிப் போய் டிக் போடாமல் படியுங்கள். சட்டமன்றம் இரண்டு வருடத்துக்கு ஒரு முறை கூடி இதில் கை வைக்கிறது. நீங்கள் 2022-ல் படித்தது அப்படியே இருக்கும் என்று சொல்ல முடியாது.

காவலர் நிறுத்தி அடையாளம் கேட்டால், அப்போது துப்பாக்கி உங்களிடம் இருந்தால், ஓட்டுநர் உரிமத்தோடு எல்டிசியையும் சேர்த்துக் காட்ட வேண்டும். இது இன்னும் சட்டத்தில் இருக்கிறது. கையை ஸ்டீயரிங்கில் வைத்துக்கொண்டு முதலில் வாயால் சொல்லுங்கள், அப்புறம் பர்ஸை எடுங்கள்.

வீட்டு விஷயம் ஒன்று, யாரும் கேட்பதில்லை, நானாகச் சொல்கிறேன். எச்-1பி, எச்-4, எல்-1, எஃப்-1 விசாவில் இருப்பவர்கள் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருப்பதே கூட்டாட்சிக் குற்றம். செல்லுபடியாகும் வேட்டை லைசென்ஸ் வைத்திருப்பது போன்ற சில விலக்குகள் உண்டு. உங்களுக்குக் கிரீன் கார்டு வந்து, மனைவிக்கோ வீட்டில் தங்கியிருக்கும் தம்பிக்கோ இன்னும் வரவில்லையென்றால், பெட்டகத்தின் எண் உங்களுக்கு மட்டுமே தெரிய வேண்டும். அப்பா ஊரிலிருந்து சுற்றுலா விசாவில் வந்திருக்கிறார், ரேஞ்சுக்குக் கூட்டிப்போய்க் கையில் கொடுத்து ஒரு போட்டோ எடுத்துக் குடும்ப வாட்ஸாப்பில் போடலாம் என்ற ஆசை எல்லோருக்கும் வரும். அந்தப் போட்டோ ஒரு குற்றத்துக்கான சாட்சி. பதினேழு வயதுக்குக் கீழே உள்ள பிள்ளை தோட்டா போட்ட துப்பாக்கியை எடுக்கும்படி அஜாக்கிரதையாக வைத்தாலும் டெக்சாஸில் வழக்கு வரும். சுட்டு யாருக்காவது பெரிய காயமோ சாவோ ஆனால் அது கிளாஸ் ஏ.

கடைசியாக விமான நிலையம். டாலஸ் ஃபோர்ட் வொர்த், ஹூஸ்டன் இரண்டும் சோதனைச் சாவடியில் அதிகம் துப்பாக்கி பிடிபடும் விமான நிலையங்களில் வருடா வருடம் இடம்பிடிப்பவை. மறந்துபோய்க் கொண்டுவந்த எல்டிசிகாரரை, சொன்னவுடன் திரும்பிப் போய்விட்டால் மாநில வழக்கிலிருந்து காப்பாற்ற 2015-ல் ஒரு பிரிவு சேர்த்தார்கள். இதுவும் புதுப்பிக்க ஒரு காரணம் என்று வைத்துக்கொள்ளுங்கள். விமான நிலையச் சோதனையை நடத்தும் மத்திய அரசு அமைப்பான டிஎஸ்ஏவின் அபராதம் அப்போதும் தனியாக வரும், அது பல ஆயிரம் டாலர். இந்தியாவுக்குப் போகும்போது ஒற்றைத் தோட்டா பையின் அடியில் கிடந்தாலும் 1959-ஆம் வருட ஆயுதச் சட்டத்தில் வழக்கு. உங்கள் எல்டிசி அங்கே வெறும் பிளாஸ்டிக் அட்டை. தெரியாமல் கிடந்தது என்று நிரூபித்தால் உயர் நீதிமன்றங்கள் வழக்கை ரத்து செய்திருக்கின்றன, ஆனால் அதற்குள் விடுமுறை முடிந்து வேலையும் போய்விடும். என் நண்பர் ஒருவர் திரும்பி வரும் வழியில் ஓர் இந்திய விமான நிலையத்தில் இப்படி மாட்டி, மூன்று வாரம் அலைந்தார். ரேஞ்சுக்கு எடுத்துப்போன அதே முதுகுப்பையை லேப்டாப்புக்கும் பயன்படுத்தியதுதான் காரணம். அதைக் கேட்ட அன்றே என் மனைவி ரேஞ்சுப் பையின் பிடியில் மஞ்சள் ரிப்பன் ஒன்றைக் கட்டி, கராஜில் தனி ஆணியில் மாட்டிவிட்டாள். அந்தப் பை வீட்டுக்குள் வருவதே இல்லை.